யார் முகம், யார் காமிரா: ஷாந்தோர் ஷாரா (1933-2019)

ஒளிப்பதிவாளர்களுக்கென்று தனி வரலாறு கிடையாது. சினிமா வரலாறு என்று நாம் படித்துவந்திருப்பதெல்லாம் பெரும்பாலும் இயக்குநர்களின் வரலாறுதான். ஹங்கேரி என்றால் யான்ச்சோ, சாபோ, பிற்பாடு பேலா தார் என்று ஃபிலிம் சொசைட்டிகளில் உட்கார்ந்து படம் பார்த்தவர்கள் பெயர்களை அடுக்கிவிடுவார்கள். அந்தப் படங்களில் காமிராவுக்குப் பின்னால் நின்றவர் யார் என்று கேட்டால் பதில் வராது. ஒளிப்பதிவு என்பது தொழில்நுட்பம், இயக்குநர் நினைத்ததை எடுத்துக்கொடுப்பது, அவ்வளவுதான் என்கிற எண்ணம் நமக்குள் ஊறிப்போயிருக்கிறது.

ஆனால் யாரை, எவ்வளவு தூரத்திலிருந்து, எந்த வெளிச்சத்தில், எவ்வளவு நேரம் பார்ப்பது என்று முடிவு செய்வது வெறும் தொழில்நுட்பமா? அது அதிகாரம் தொடர்பான முடிவு. ஷாந்தோர் ஷாராவின் வாழ்க்கையைப் படித்தால் இது விளங்கும். அவர் ஒளிப்பதிவாளர், பிறகு இயக்குநர், ஆவணப்படக்காரர், கடைசியில் ஒரு தொலைக்காட்சி நிறுவனத்தின் தலைவர். ஹங்கேரியக் கிராமம் போருக்குப் பின் பட்ட பாட்டை அவர் அளவுக்குப் படம்பிடித்தவர்கள் குறைவு. காமிரா எதைப் பார்க்க மறுக்கும் என்பதற்கும் அவரிடமே உதாரணம் இருக்கிறது. இரண்டையும் சேர்த்தே பேச வேண்டும்.

1

ஷாரா 1933-ல் துரா என்ற ஊரில் பிறந்தவர். புடாபெஸ்ட் நாடக-சினிமாக் கல்லூரியில் ஒளிப்பதிவு படித்து 1957-ல் வெளியே வந்தார். அந்தக் கல்லூரியில் பல பத்தாண்டுகள் ஒளிப்பதிவு சொல்லிக்கொடுத்தவர் ஜ்யோர்ஜ் இல்லேஷ். போருக்குப் பிந்தைய ஹங்கேரிய ஒளிப்பதிவாளர்களில் பெரும்பாலோர் அவரிடம் படித்தவர்கள்தான்.

ஷாரா படித்து முடிக்கும் தறுவாயில் 1956 வந்தது. அக்டோபர் 23-ல் மாணவர் ஊர்வலமாகத் தொடங்கியது எழுச்சியாயிற்று. நவம்பர் 4-ல் சோவியத் டாங்கிகள் தலைநகருக்குள் புகுந்தன. இல்லேஷின் மாணவர்களான வில்மோஷ் ஷிக்மோந்தும் லாஸ்லோ கோவாச்சும் கல்லூரிக் காமிராவை எடுத்துக்கொண்டு தெருவுக்குப் போனார்கள். டாங்கி, பிணம், இடிந்த வீடு என்று கண்ணில் பட்டதையெல்லாம் எடுத்தார்கள். ஃபிலிம் சுருள்களைச் சுமந்துகொண்டு எல்லை தாண்டி ஆஸ்திரியாவுக்கு ஓடினார்கள். அங்கிருந்து அமெரிக்கா. சில்லறை வேலைகள் பார்த்து, மலிவுப் படங்களுக்குக் காமிரா பிடித்து, கடைசியில் ஹாலிவுட்டின் ஒளியையே மாற்றினார்கள். 'ஈஸி ரைடர்' (1969) கோவாச் எடுத்தது. 1977-ல் வெளியான 'க்ளோஸ் என்கவுண்டர்ஸ் ஆஃப் த தர்ட் கைண்ட்' படத்துக்காக ஷிக்மோந்த் ஆஸ்கர் வாங்கினார்.

இது உலகத்துக்குத் தெரிந்த கதை. ஓடிப்போனவர்களின் கதை சொல்லச் சுவாரசியமானது. தப்பித்தல், வறுமை, வெற்றி என்று அதற்கு ஒரு ஒழுங்கு உண்டு. நாட்டை விட்டு வெளியேறியவர்கள் சுமார் 2 லட்சம் பேர். இருந்துவிட்டவர்களின் கதைக்கு அப்படி ஒரு ஒழுங்கு இல்லை. கோவாச் பிறந்த அதே 1933-ல் பிறந்த ஷாரா இருந்துவிட்டவர். 1958 ஜூனில் இம்ரே நாஜ் தூக்கிலிடப்பட்டார். 1956-ஐ 'எதிர்ப்புரட்சி' என்றுதான் சொல்ல வேண்டும் என்பது அரசின் சொல்லாடலாயிற்று. ஒரு நிகழ்ச்சிக்கு என்ன பெயர் வைப்பது என்பதை அரசே தீர்மானிக்கிற நாட்டில் ஒரு இளைஞன் காமிராவை எதை நோக்கித் திருப்புவான்?

2

ஷாரா திருப்பிய திசை கிராமம். அவருடைய கல்லூரி நண்பர் இஷ்த்வான் காஅல் 1957-ல் இயக்கிய 'தண்டவாளத் தொழிலாளிகள்' என்ற குறும்படத்துக்கு அவர்தான் காமிரா. உழைக்கிற கைகளும் அவற்றின் தாளமும்தான் படம். சுவரொட்டிகளில் சிரித்துக்கொண்டு நின்ற 'சோஷலிசத் தொழிலாளி'யின் பிம்பத்துக்குப் பதிலாக வேர்த்துக் களைத்த உடம்பு வந்தது.

இந்தத் தலைமுறைக்கு ஒரு இடம் கிடைத்தது: பேலா பலாஷ் ஸ்டூடியோ. 1959-ல் பெயரளவில் தொடங்கி 1961-ல் முறையாக உருவானது. பணம் அரசுடையது, என்ன எடுப்பது என்பது உறுப்பினர்கள் பாடு. எடுத்ததைப் பொதுவில் காட்டவேண்டிய கட்டாயம் இல்லை. காட்டுவதற்குத்தான் அனுமதி வேண்டும், எடுப்பதற்கு வேண்டாம். தணிக்கை உள்ள நாடொன்றில் இது சின்னச் சலுகையாகத் தோன்றலாம். ஆனால் காதார் ஆட்சியின் கலாச்சாரக் கொள்கையே இந்த இடைவெளியில்தான் இயங்கியது: சிலதை ஆதரி, சிலதைச் சகித்துக்கொள், சிலதைத் தடைசெய். மூன்றுக்கும் ஹங்கேரிய மொழியில் 'த'வில் தொடங்கும் சொற்கள். எது எந்தப் பட்டியல் என்பதைக் கட்சி அவ்வப்போது முடிவு செய்யும்.

ஸ்டூடியோவுக்குப் பெயர் தந்த பேலா பலாஷ் (1884-1949) சாதாரண ஆளில்லை. 1919-ன் ஹங்கேரிய சோவியத் குடியரசில் பங்கெடுத்து, அது வீழ்ந்தபின் வியன்னா, பெர்லின், மாஸ்கோ என்று நாடுநாடாக அலைந்தவர். 1924-ல் அவர் எழுதிய 'கண்ணுக்குப் புலப்படும் மனிதன்' சினிமாக் கோட்பாட்டின் முதல் நூல்களில் ஒன்று. அச்சு இயந்திரம் வந்தபின் மனிதன் சொற்களுக்குள் ஒளிந்துகொண்டான், அவன் முகத்தை வாசிக்க நாம் மறந்துபோனோம், சினிமா அந்த முகத்தைத் திரும்பக் கொண்டுவருகிறது என்பது அதன் சாரம். குளோஸ்-அப்பில் மனிதனின் உள்ளே இருப்பது வெளியே தெரியும் என்று பலாஷ் நம்பினார்.

அந்த நம்பிக்கைக்குள் ஒரு கேள்வி பாக்கியிருக்கிறது. எல்லா முகங்களும் ஒரேமாதிரி வாசிக்கப்படுகின்றனவா? 1961-ல் ஹங்கேரியக் கட்சித் தலைமை ரோமா மக்களைப் பற்றித் தீர்மானம் போட்டது. அவர்கள் ஒரு தேசிய இனம் இல்லை, பின்தங்கிய ஒரு சமூக அடுக்கு மட்டுமே; ஆகவே அவர்களைப் பொதுச் சமூகத்தில் கரைக்க வேண்டும். மொழி, பாட்டு, பெயர் எல்லாம் 'பின்தங்கல்' கணக்கில் போயிற்று. அடுத்த வருஷம், 1962-ல், ஷாரா 'ஜிப்ஸிகள்' என்ற குறும்படத்தை எடுத்தார். ஊருக்கு வெளியே குடியிருப்பு, சேறு, குழந்தைகள், முகங்கள். தீர்மானத்தில் வெறும் எண்ணிக்கையாகிப்போனவர்கள் இங்கே நம்மை நேருக்கு நேர் பார்க்கிறார்கள். பிரச்சினையாகப் பார்க்கப்பட்டவர்கள் திரும்பிப் பார்க்கிறார்கள் என்பதுதான் இந்தச் சிறிய படத்தின் அரசியல். ஹங்கேரியில் ரோமாக்களைப் பற்றிப் பின்னால் வந்த ஆவணப்படங்களுக்கு இதுவே முன்னோடி.

3

1960-களின் நடுவில் ஷாரா எடுத்த கதைப்படங்களின் பட்டியல் ஹங்கேரியப் புதிய சினிமாவின் பட்டியலேதான். காஅலின் 'நீரோட்டத்தில்' (1963), சாபோவின் 'அப்பா' (1966), ஃபெரென்ட்ஸ் கோஷாவின் முதல் படம். 'அப்பா'வில் ஒரு காட்சி உண்டு. சினிமா ஷூட்டிங் ஒன்றில் துணை நடிகனாக வந்திருக்கிற இளைஞன் முதலில் யூதக் கைதியாக நடக்கிறான். காவலர்கள் போதவில்லை என்றதும் அவனையே அழைத்து பாசிசக் காவலனாக மாற்றிவிடுகிறார்கள். ஒரே உடம்பு, ஒரே பாலம். கைப்பட்டை மட்டும் மாறுகிறது. பலிக்கும் கொலையாளிக்கும் நடுவே இருந்த தூரம் எவ்வளவு என்று ஒரு சமூகம் தன்னையே கேட்டுக்கொண்ட தருணம் அது. இந்தக் காட்சியை நினைவில் வைத்துக்கொள்வோம்; பின்னால் தேவைப்படும்.

கோஷாவின் படத்துக்கு ஹங்கேரியப் பெயர் 'தீஸெஸெர் நப்'. 'நப்' என்றால் நாள் என்றும் பொருள், சூரியன் என்றும் பொருள். ஆங்கிலத்தில் 'சூரியன்கள்' என்று மொழிபெயர்த்தார்கள், பாதிப் பொருள் போய்விட்டது. தமிழில் நமக்குச் சிரமமில்லை. பொழுது விடிந்தது, பொழுது சாய்ந்தது என்று சூரியனையும் காலத்தையும் ஒரே சொல்லில் சொல்கிறவர்கள் நாம். 'பத்தாயிரம் பொழுது' என்றால் சரியாக இருக்கும். சுமார் முப்பது வருஷம். ஒரு விவசாயியின் உழைக்கும் காலம்.

இஷ்த்வான் ஸேலெஷ் என்ற அந்த விவசாயியின் வாழ்க்கை 1930-களின் பண்ணைக் கூலியில் தொடங்குகிறது. போர் முடிந்து, 1945 நிலச்சீர்திருத்தத்தில் ஏழைகளுக்கு நிலம் கிடைத்தது. தலைமுறை தலைமுறையாகக் கண்ட கனவு. நாலே வருஷத்தில் ராக்கோஷி ஆட்சி அதைத் திரும்பக் கேட்டது. கூட்டுப்பண்ணையில் சேர், சேராவிட்டால் கட்டாயக் கொள்முதல். அளவு நிறையவில்லை என்றால் ஆட்கள் வீடேறி வந்து பரணைத் துடைப்பத்தால் பெருக்கித் தானியத்தை அள்ளிக்கொண்டு போனார்கள். 'பரண் பெருக்கல்' என்று ஹங்கேரிய மொழியில் இதற்கு ஒரு சொல்லே நிலைத்துவிட்டது. 1956-க்குப் பின் கொஞ்சம் ஓய்ந்து, 1959 முதல் 1961 வரை மறுபடி கூட்டுப்பண்ணை இயக்கம் நடந்து முடிந்தது. நிலமற்றவனின் பெயரால் நடந்த புரட்சி, நிலம் வாங்கிய அவனையே எதிரியாக்கிய கதை இது. இடதுசாரிகள் இதைக் கேட்க விரும்ப மாட்டார்கள் என்பதாலேயே அவர்கள் கேட்கவேண்டிய கதை.

இதை ஷாரா எப்படி எடுத்தார்? கறுப்பு வெள்ளையில், அகலத் திரையில். வெளுத்த வானம், கறுத்த நிலம், நடுவில் எறும்புபோல மனிதர்கள். ஒவ்வொரு ஃபிரேமும் மரச்செதுக்கு ஓவியம்போல இருக்கிறது. இங்கேதான் சிக்கல். பட்டினியை இவ்வளவு அழகாக எடுக்கலாமா? வறுமை சுவரில் மாட்டுகிற படமாக ஆகிவிடாதா? இது சும்மா ஒதுக்கிவிடக்கூடிய கேள்வி இல்லை. எனக்குத் தோன்றுவது இது: சோஷலிச எதார்த்தவாதப் படங்களில் விவசாயி பளிச்சென்ற வெளிச்சத்தில், நிழலே விழாத முகத்தோடு, எதிர்காலத்தைப் பார்த்துச் சிரித்தான். ஷாரா அந்த முகத்துக்கு நிழலைத் திருப்பிக் கொடுத்தார். அந்த நிழல் ஒரு வாதம். ஆனால் அதே அழகு அவனைக் காலத்துக்கு அப்பாற்பட்ட 'நித்திய விவசாயி'யாகவும் ஆக்கிவிடுகிறது. வரலாற்றால் நசுக்கப்பட்டவன் இயற்கையின் ஒரு பகுதிபோலத் தெரியத் தொடங்குகிறான். இரண்டும் ஒரே ஃபிரேமுக்குள் இருக்கின்றன.

அதிகாரிகளுக்கு அழகியல் பற்றிய கவலை இல்லை. அவர்களை உறுத்தியது 1956. படம் 1965-ல் முடிந்தது. இரண்டு வருஷம் கிடப்பில் கிடந்தது. 1967-ல் வெளியாகி, அதே வருஷம் கான் விழாவில் கோஷாவுக்குச் சிறந்த இயக்குநர் பரிசு கிடைத்தது.

4

1968-ல் ஷாரா தானே இயக்கினார். 'மேலே எறிந்த கல்'. எந்த்ரே அதியின் கவிதை ஒன்றிலிருந்து வந்த பெயர். எவ்வளவு உயர எறிந்தாலும் கல் மண்ணுக்கே திரும்புகிறது. கான் போட்டிக்குத் தேர்வான படம். ஆனால் அந்த மே மாதம் பாரிஸ் தெருவில் மாணவர்கள். கான் விழா பாதியில் நின்றது. கிழக்கு ஐரோப்பாவில் அரசு என்ற பெயரில் என்ன நடந்தது என்று சொல்ல வந்த படம், மேற்கில் அரசுக்கு எதிராக எழுந்த கிளர்ச்சியால் திரையிடப்படாமல் போனது. வரலாற்றுக்கு இப்படி ஒரு குறும்பு.

கதை 1950-களின் தொடக்கம். ரயில்வேயில் வேலை பார்க்கிற அப்பா கைதாகிறார். அதனால் மகனுக்கு சினிமாக் கல்லூரியில் இடம் இல்லை. அவன் நில அளவைக் குழுவில் சேர்கிறான். ஷாராவின் சொந்த வாழ்க்கைச் சாயல் படிந்த படம் என்று சொல்வது வழக்கம். காமிரா மறுக்கப்பட்டவன் கையில் தியோடலைட் கிடைக்கிறது. இரண்டும் மூன்று கால் ஸ்டாண்டில் நிற்பவை; இரண்டிலும் ஒரு கண்ணை மூடிக்கொண்டு பார்க்க வேண்டும். ஒன்று அரசின் கண். சர்வேயர் வந்து ஸ்டாண்டை ஊன்றினாலே நிலம் போகப்போகிறது என்று கிராமத்துக்குத் தெரியும். அளப்பவனுக்குத் தனிப்பட்ட பகை ஒன்றும் இல்லை, அவன் நல்லவன்கூட. ஆனாலும் அவன் கருவி யாருடையது என்பதில் சந்தேகமில்லை. குழுவில் கிரேக்க உள்நாட்டுப் போரில் தோற்று அகதியாக வந்த கம்யூனிஸ்டு ஒருவரும் இருக்கிறார். தன் நாட்டில் நடக்காமல் போனது இங்கே நடக்கிறது என்று நம்புகிறவர். ஷாரா அவரைக் கேலி செய்யவில்லை.

படத்தின் உச்சம் ரோமாக்களைக் கட்டாயமாகக் குளிப்பாட்டும் காட்சி. அதிகாரிகள் குடியிருப்பைச் சூழ்கிறார்கள். சுகாதாரம் என்ற பெயரில் ஆணும் பெண்ணும் ஆடை களையப்பட்டு, தலைமுடி மழிக்கப்பட்டு, மருந்து தெளிக்கப்படுகிறார்கள். இது கற்பனை இல்லை. 1940-களிலிருந்து 1980-களின் நடுப்பகுதிவரை ஹங்கேரியில் இது நடந்திருக்கிறது. ஆட்சி மாறியது, கொடி மாறியது, இந்த வழக்கம் மட்டும் மாறவில்லை. விளிம்புநிலை மக்களின் உடம்பின்மேல் ஒரு அரசுக்கும் அடுத்த அரசுக்கும் கருத்து வேறுபாடு இருந்ததில்லை. 1962-ல் முகமாகப் பார்த்தவர்களை இங்கே ஷாரா உடம்பாகப் பார்க்கிறார், ஏனென்றால் அரசு அவர்களை அப்படித்தான் பார்த்தது. நடிப்புதான் என்றாலும் காமிராவுக்கு முன் இன்னொரு தடவை ஆடை களையப்படுகிறதே என்ற நெருடல் எனக்கு உண்டு. அந்த நெருடலைப் படம் மறைக்கவில்லை. வன்முறையைப் பார்த்துக்கொண்டு நிற்கிற நாயகனின் வெட்கம்தான் நம்முடைய வெட்கமாகவும் ஆகிறது.

5

மூன்றே வருஷத்தில் அதே கை 'ஸிந்த்பாத்' (1971) எடுத்தது. இயக்கம் ஸோல்தான் ஹுசாரிக். ஜ்யூலா க்ரூதியின் கதைகளில் வருகிற, பெண்களையும் சாப்பாட்டையும் தேடி அலைந்து ஓய்ந்த கனவான் ஸிந்த்பாத்தாக ஸோல்தான் லாதினோவிச். இப்போது வண்ணம். சூப்பில் மினுங்கும் கொழுப்புத் துளிகள், சாம்பலுக்குள் கனியும் தணல், காய்ந்த பூ. காமிரா பூதக்கண்ணாடியாகிவிடுகிறது. எலும்பைத் தட்டி மஜ்ஜையை எடுத்துச் சாப்பிடுகிற காட்சி ஹங்கேரியில் இன்றும் பேசப்படுவது.

பரண் பெருக்கப்பட்டதை எடுத்தவர் பந்தியை எடுக்கலாமா? சுரண்டும் வர்க்கத்துக்கு இரங்கற்பா என்று தீர்ப்பு எழுதிவிடலாம், சுலபம். ஆனால் மேஜைக்குப் பக்கத்தில் பரிமாறுகிறவர் நின்றுகொண்டே இருக்கிறார் என்பதையும் அந்தக் காமிரா பார்க்கிறது. ஒவ்வொரு துளியும் அழியப்போவது என்ற உணர்வோடுதான் மினுங்குகிறது. பொருள்களின்மேல் இத்தனை கவனம், அவை பறிபோவதைப் பார்த்து வளர்ந்த ஒருவரிடமிருந்து வருகிறது என்பது என் வாசிப்பு. பசி தெரிந்தவனுக்குத்தான் சூப்பில் எண்ணெய் மிதப்பது கண்ணில் படும்.

6

இதற்குப் பிறகு நடந்ததுதான் யோசிக்கவைப்பது. பிம்பங்களின் வல்லவர் என்று பெயர் வாங்கியவர் 1980-களில் பிம்பத்தைக் கைவிட்டார்.

1942-ல் ஹங்கேரியின் இரண்டாவது படைப்பிரிவு, ஏறத்தாழ 2 லட்சம் பேர், ஜெர்மனியின் பக்கத்தில் சோவியத் மண்ணுக்கு அனுப்பப்பட்டது. 1943 ஜனவரி 12-ல் வரோனெஷ் அருகே தோன் நதிக்கரையில் சோவியத் தாக்குதல் தொடங்கியது. கடுங்குளிரில் படை சிதறியது. பாதிக்கு மேற்பட்டோர் இறந்தார்கள், காயம்பட்டார்கள், அல்லது சிறைப்பட்டார்கள். போருக்குப் பின் இதைப் பேசுவதற்கு இடமில்லை. அவர்கள் பாசிசத்தின் சிப்பாய்கள். நேச நாட்டுக்கு எதிராகப் போனவர்கள். வீட்டில் அழலாம், வெளியே பேசக்கூடாது. 1972-ல் இஷ்த்வான் நெமெஷ்குர்தியின் நூல் அந்த மௌனத்தை உடைத்தது. பத்து வருஷம் கழித்து ஷாரா, உயிரோடு திரும்பி வந்த கிழவர்களைக் காமிராவுக்கு முன் உட்காரவைத்தார்.

'க்ரோனிகா' 25 பகுதிகள் கொண்ட தொலைக்காட்சித் தொடர். அதிலிருந்து உருவான திரைப்படம் 1982-ல் வந்தது. பெரும்பகுதி முகமும் குரலும்தான். மரச்செதுக்கு இல்லை, அடிவானம் இல்லை. கிழவர் பேசுகிறார், நிறுத்துகிறார், முழுங்குகிறார். காமிரா காத்திருக்கிறது. பலாஷ் சொன்ன முகம் கடைசியில் இங்கேதான் முழுசாகக் கிடைத்தது. ஒரு வித்தியாசம்: முகத்தை வாசித்தால் போதும், சொல் வேண்டாம் என்றார் பலாஷ். நாற்பது வருஷம் பேசவிடாமல் வைக்கப்பட்டவர்களுக்கு முகம் மட்டும் போதாது. அவர்கள் வாயைத் திறக்க வேண்டும். தொடரின் ஒளிபரப்பு இடையில் நிறுத்தப்பட்டது என்பதே அது எங்கே குத்தியது என்று காட்டும்.

சரி, இப்போது 'அப்பா' படத்தின் பாலத்துக்கு வருவோம். அந்தப் படையோடு பல்லாயிரம் யூதர்கள் ஆயுதமில்லாமல், கட்டாய உழைப்புக்காகக் கொண்டுபோகப்பட்டார்கள். கண்ணிவெடி அகற்றும் வேலைக்கு அனுப்பப்பட்டார்கள். காவலர்களின் கொடுமையில் செத்தார்கள். சோவியத் மண்ணில் இருந்த ஹங்கேரியக் காவல் படைகள் கொரில்லாக்களை ஒடுக்குகிறோம் என்ற பெயரில் கிராம மக்களைக் கொன்றிருக்கின்றன. இதை ஹங்கேரிய வரலாற்றாளர்கள் விரிவாக எழுதத் தொடங்கியது மிகப் பிற்பாடுதான். 'க்ரோனிகா' ஹங்கேரியச் சிப்பாய்களின் சாட்சியம். அவர்கள் தங்கிய வீடுகளின் சொந்தக்காரர்களான ரஷ்ய, உக்ரேனிய விவசாயிகளின் சாட்சியம் இன்னொரு படம். அதை ஷாரா எடுக்கவில்லை. அவர்களுடைய பரணையும் யாரோ பெருக்கியிருப்பார்கள்.

1989-க்குப் பின் அவர் பாதை தேசத்தின் காயம் என்ற ஒரே திசையில் போனது. 'குலாக்கில் ஹங்கேரியப் பெண்கள்' (1992) அவசியமான ஆவணம்; சோவியத் முகாம்களில் இளமையைத் தொலைத்த பெண்கள் முதல்முறையாகப் பேசினார்கள். 1993 முதல் 2000 வரை எல்லைக்கு அப்பால் வாழும் ஹங்கேரியர்களுக்கான 'துனா' தொலைக்காட்சியின் தலைவராக இருந்தார். 2019-ல் காலமானார். 'ஜிப்ஸிகள்' எடுத்தபோது தேசத்துக்கு வெளியே நிறுத்தப்பட்டவர்களைப் பார்த்த கண், பிறகு தேசத்தையே பாதிக்கப்பட்டவனாகப் பார்க்கத் தொடங்கியது. இதைத் துரோகம் என்று சொல்லமாட்டேன். ஒடுக்கப்பட்ட நினைவு வெளியே வரும்போது தனக்கு இழைக்கப்பட்டதை முதலில் சொல்லும். தான் இழைத்ததைச் சொல்ல இன்னொரு துணிச்சல் வேண்டும். அந்தத் துணிச்சலை ஒரு தனி மனிதரிடம் மட்டும் எதிர்பார்ப்பது நியாயமில்லை, அதற்கு ஒரு சமூகம் தயாராக வேண்டும்.

சாட்சியம் சேகரிப்பதையே அரசியல் செயல்பாடாகக் கொண்டிருக்கிற நமக்கு ஷாராவிடம் கற்றுக்கொள்ள இரண்டு இருக்கின்றன. பேசவிடப்படாதவனுக்கு முன்னால் காமிராவை வைத்துவிட்டுப் பொறுமையாகக் காத்திருப்பது ஒன்று. அவன் பேசி முடித்த பிறகு, அவன் கதையில் பெயரில்லாமல் வந்துபோன இன்னொருவன் யார், அவன் வீடு எங்கே என்று விசாரித்து, காமிராவைத் தூக்கிக்கொண்டு அங்கேயும் போவது இரண்டாவது. முதலாவதை அவர் செய்து காட்டினார். இரண்டாவது பாக்கி இருக்கிறது.